உடையாத கதவு

திருட்டு, மோசடி, வன்முறை போன்ற குற்றத்துக்காக நீக்கப்பட்டவருக்குத்தான் போனஸை மறுக்கலாம் என்கிறது சட்டம். கும்மிடிப்பூண்டி ஆலை ஒன்றில் பணியாளர் அதிகாரியாக இருந்த நான், போனஸ் கேட்டுக் கோஷம் போட்ட தொழிலாளி தேவராஜ் வாயில்கதவை உடைத்ததாக எழுதி, சட்டத்துக்கு உட்பட்டே அவரை நீக்கினேன்.

சமரசப் பேச்சில் தேவராஜ் சிரித்துக்கொண்டே சொன்னார்: "கேட்டுக் கதவு நல்லாதான் கீது. சார் அன்னிக்கி ஜன்னலாண்ட டீ குட்சிகினு பாத்துகினுதானே இருந்தாரு. இன்னா சார்?"

தொழிலாளர் துறை அதிகாரி பேனாவை மூடிவிட்டு என்னைப் பார்த்தார்.

"கோப்பில் உள்ளதுதான் நடந்தது" என்றேன். தேவராஜின் சிரிப்பு அணைந்தது. வழக்கு நீதிமன்றம் போனது.

ஓய்வுபெற்று, கிராஜுவிட்டி கைக்கு வந்த மறுநாள், நான் எழுதியது பொய், இன்னும் நடக்கும் வழக்கில் சாட்சி சொல்ல வருகிறேன் என்று தேவராஜுக்குப் பதிவுத் தபால் அனுப்பினேன். பணம் பத்திரமான பிறகு வந்த துணிச்சல் அது. "வந்து சொல்லுங்க சார்" என்ற அவர் பதில், ஏழு மாதம் கழித்து, தீபாவளிக்கு முதல் நாள் வந்தது.