கபீருக்கு மேட்ச் கிடைத்த கதை

போன ஞாயிற்றுக்கிழமை பூந்தமல்லியில் ஒரு கல்யாணத்துக்குப் போயிருந்தேன். அங்கே கொஞ்ச நேரம்... நான் வாயைத் திறக்கவே இல்லை.

சிரிக்காதீர்கள். வாராவாரம் இந்தப் பக்கத்தைப் படிக்கிற உங்களுக்கு என் வாயைப் பற்றித் தெரியும். எதிரில் இருப்பவர் பாதி பேசுவதற்குள் மீதியை நானே பேசி, அதற்குப் பதிலும் சொல்லி, காபியும் கலந்து கொடுத்துவிடுவேன். என் வீட்டுக்காரர் நிதானமாகப் பேசுகிற மனிதர். கல்யாணமான நாளிலிருந்து அவர் ஒரு வாக்கியத்தையாவது முழுசாக முடித்திருக்கிறாரா என்பது எங்கள் வீட்டில் இன்னும் தீராத வழக்கு.

அப்பேர்ப்பட்ட நான் வாயை மூடிக்கொண்டு உட்கார்ந்திருந்தேன். காரணம் — கம்ப்யூட்டரில் ஆடுகிற ஒரு துப்பாக்கி கேம்! ஆரம்பத்திலிருந்து சொல்கிறேன்.

முகப்பேரில் எங்கள் பிளாக்கில் கீழ் வீடு மும்தாஜ் அக்காவுடையது. பெரிய பையன் நசீர் எலெக்ட்ரிகல் கடை வைத்திருக்கிறான். சின்னவன் கபீருக்கு அம்பத்தூரில் ஐ.டி. வேலை. தங்கமான பையன். ஆனால் சின்ன வயதிலிருந்தே பேச்சு திக்கும். அதிலும் 'க' வந்தால் போச்சு, வார்த்தை அப்படியே நின்றுவிடும். கொடுமை என்னவென்றால், அவன் பேரே அந்த எழுத்தில்தான் ஆரம்பிக்கிறது.

"உன் பேர் என்னப்பா?" என்று யாராவது கேட்டால் பக்கத்திலிருந்து நசீர் பதில் சொல்வான். ஹோட்டலில் ஆர்டர், பஸ்ஸில் டிக்கெட், டாக்டரிடம் வயிற்றுவலி — எல்லாமே அண்ணன் வாயால்தான். தம்பி கஷ்டப்படக் கூடாது என்கிற பாசம், வேறொன்றும் இல்லை.

சில மாதங்களுக்கு முன்னால் ஒரு காலை, மும்தாஜ் அக்கா மூச்சு வாங்க மாடி ஏறி வந்தார். முகமெல்லாம் பூரிப்பு.

"யம்மா வசந்தி, யாராண்டயும் சொல்லாத. நம்ம கபீரு மேட்ச்மேக்கிங்ல கீறான்!"

உடனே அடுப்பை அணைத்தேன். இதெல்லாம் சிம்மில் வைத்துக் கேட்கிற விஷயமா? வந்த வரனையெல்லாம் காரணம் சொல்லாமல் தலையாட்டித் தள்ளிக்கொண்டிருந்த பையனாயிற்றே!

"உங்களுக்கு எப்படிக்கா தெரியும்?"

"கதவாண்ட நின்னு கேட்டேன்மா. கம்ப்யூட்டர்ல யார் கூடயோ பேசிகினு இருந்தான். 'தமிழ் பேசறவங்க மட்டும் போதும்னு போட்டுக்கீறேன். ரொம்ப தூரம் வேணா, கிட்டக்கவே தேடட்டும். லெவலும் நம்ம லெவல்லயே இருக்கட்டும்'னான். திக்கித் திக்கித்தான் சொன்னான். ஆனா முழுசா சொன்னான்மா! அத்தினி பேச்சு அவன் பேசி நான் கேட்டதே இல்ல. அப்பறம் கொஞ்ச நேரங்கழிச்சி, 'மேட்ச் கெடச்சிருச்சு'ன்னு ஒரே கத்து!"

மொழி, ஊர், அந்தஸ்து. எந்தக் கல்யாணத் தரகரும் முதலில் கேட்கிற மூன்று. நானும் நம்பிவிட்டேன்.

"அப்போ பூந்தமல்லி பொண்ணு ஷமீமா?" என்றேன். அந்த வரன் வந்து, பெண் வீட்டார் இவர்கள் பதிலுக்குக் காத்திருந்த நேரம் அது.

"அதான்மா கொழப்பமா கீது. அவங்களாண்ட நான் இன்னா சொல்றது? நீ நைசா போய், யாரைப் பாத்து வெச்சிக்கீறான்னு கேட்டுகினு வா."

பஜ்ஜித் தட்டோடு தூது போனேன். கபீர் கம்ப்யூட்டர் முன்னால் உட்கார்ந்திருந்தான். ஸ்கிரீனில் பெண்ணும் இல்லை, போட்டோவும் இல்லை. இடிந்த கட்டடங்கள், புகை, நாலு துப்பாக்கிக்காரர்கள்.

"பொண்ணு எங்கடா?" என்று கேட்டேவிட்டேன். நைசு எனக்கு வராது.

விஷயம் புரிந்ததும் அவன் சிரித்த சிரிப்பில் ஹெட்செட் கழன்று விழுந்தது. பிறகு விளக்கினான். அவன் சொன்னதை நான் ஒரே மூச்சில் எழுதிவிடுகிறேன். அவனுக்கு ஆன நேரத்தில் தட்டில் பாதி பஜ்ஜி காலி, தின்றது நான்தான்.

இது ஆன்லைன் கேம். நாலு பேர் ஒரு டீம், எதிரே இன்னும் பல டீம்கள். உங்கள் டீமில் யார் யார் என்பதை கேமே தேடிப் பிடித்துச் சேர்க்கும். அதற்குப் பெயர்தான் மேட்ச்மேக்கிங். எப்படிப்பட்டவர்கள் வேண்டும் என்று நாம் முன்கூட்டியே மாற்றி வைத்துக்கொள்ளலாம். எந்த மொழி, எவ்வளவு தூரம், எந்த லெவல், மைக் வேண்டுமா வேண்டாமா, தெரிந்தவர்களா தெரியாதவர்களா...

கபீர் வைத்திருந்தது: தமிழ். மைக் கட்டாயம். தெரியாதவர்கள் மட்டும்.

எனக்குத் தலை சுற்றியது. பேச்சு திக்குகிற பையன், பேசியே ஆக வேண்டிய இடமாகப் பார்த்து, முன்பின் தெரியாதவர்களாகப் பார்த்துக் கேட்கிறானே?

"தெரிஞ்சவங்க கூட ஆடலாமேடா? உங்க ஆபீஸ் பசங்க..."

"தெரிஞ்சவங்க... நான் பேச ஆரம்பிச்சா... முடிச்சுக் குடுத்துடுவாங்க ஆன்ட்டி," என்றான். "தெரியாதவனுக்கு, நான் என்ன சொல்ல வரேன்னே தெரியாது. எதிரி படியில வரானா, மாடியில நிக்கிறானான்னு நான் சொன்னாத்தான் தெரியும். கேக்கலன்னா செத்துருவான். அதனால... கேட்டுத்தான் ஆகணும்."

சத்தியமாகச் சொல்கிறேன், கையில் எடுத்த பஜ்ஜியை அப்படியே வைத்துவிட்டேன். துப்பாக்கி கேம் என்றால் பிள்ளைகள் கெட்டுப்போகிற சமாச்சாரம் என்று நானே இந்தப் பத்தியில் எழுதியிருக்கிறேன். இவன் அதில் போய்த் தன் பேச்சைக் கேட்க ஆள் தேடியிருக்கிறான்!

எல்லோரும் நல்லவர்களா என்ன? கிண்டல் செய்தவர்கள் உண்டு, கெட்ட வார்த்தையில் திட்டிவிட்டு ஓடியவர்கள் உண்டு. அவர்களை இனிமேல் சேர்க்காதே என்று ஒரு பட்டன். நன்றாக ஆடியவர்களை மறுபடி சேர் என்று இன்னொரு பட்டன். இப்படிச் சலித்துச் சலித்து, அவனோடு வழக்கமாக ஆட மூன்று பேர் தேறியிருந்தார்கள். அதில் ஒருத்தர் தென்காசிக்காரர். கூரியர் ஆபீஸ் வேலை, பெயர் முருகேசன். யார் முகத்தையும் யாரும் பார்த்ததில்லை.

"தெரியாதவங்கதான் வேணும்னியே, இவங்க இப்போ தெரிஞ்சவங்க ஆயிட்டாங்களே?"

"ஆனா இன்னும்... முடிச்சுக் குடுக்கறதில்ல," என்றான்.

ஸ்கிரீன் மூலையில் அவன் பெயரைப் பார்த்தேன். கபீர் என்று இல்லை. 'வெயிட் பண்ணு' என்று இருந்தது.

"இதாடா உன் பேரு?"

"என் பேரச் சொல்றதுக்குள்ள... கேமே முடிஞ்சிரும் ஆன்ட்டி. இதப் படிச்சா, விஷயம் புரிஞ்சிரும்ல?"

நான் கேட்பதற்காக ஸ்பீக்கரில் போட்டுவிட்டு ஆட ஆரம்பித்தான். டமால் டுமீல்! கபீர் ஏதோ ஒரு ஜன்னலோரம் பதுங்கியிருந்தான். எதிரி ஒருத்தனைப் பார்த்துவிட்டான் போல.

"மு... முருகேசண்ணா... க்... க்..."

நின்றுவிட்டது. அவன் கழுத்து நரம்பு புடைக்கிறது. ஸ்பீக்கரில் முருகேசன் குரல், சாவகாசமாக: "நிதானமாச் சொல்லுல. நான் கதவப் பாத்துக்கிடுதேன்."

குண்டு மழை பொழிகிறது. அந்த மூன்று பேரும் நகரவில்லை! உயிர் போகிற இடத்தில், ஒரு வார்த்தை வரட்டும் என்று மூன்று முகம் தெரியாத மனிதர்கள் காத்துக்கொண்டு நிற்கிறார்கள். எனக்கு உடம்பு சிலிர்த்துவிட்டது.

சிலிர்த்ததோடு நான் சும்மா இருந்திருக்கலாம். ஸ்கிரீனில் வரிசையாகக் கன்டெய்னர் பெட்டிகள் தெரிந்தன. அம்பத்தூர் எஸ்டேட் பக்கம் தினமும் பார்க்கிற அதே மாதிரிப் பெட்டிகள். என் வாய் சும்மா இருக்குமா?

"கன்டெய்னர்!" என்று கத்திவிட்டேன்.

மைக் அதைப் பிடித்துவிட்டது. மூன்று பேரும் கன்டெய்னரை நோக்கி ஓடினார்கள். அவன் சொல்ல வந்தது 'கூரை'. மேலேயிருந்து எதிரி சாவகாசமாக ஒவ்வொருத்தராகச் சுட்டான். கடைசியில் கபீரும் காலி.

"யாருல அந்த அக்கா?" என்றார் முருகேசன். "யக்கா, அவன் சொல்லி முடிக்கட்டும்க்கா. எங்க உசுரு அதுலல்லா கெடக்கு!"

எனக்கு மானம் போயிற்று. கபீர் கோபப்படவில்லை. ஸ்பீக்கரை அணைத்துவிட்டு, கீபோர்டைப் பார்த்துக்கொண்டே இருந்தான். பிறகு அதுவரை யாரிடமும் சொல்லாததைச் சொன்னான்.

ஷமீமாவை அவனுக்குப் பிடித்திருக்கிறது. போனில் பேசியிருக்கிறார்கள், இவன் பேச்சு அந்தப் பெண்ணுக்குத் தெரியும், அவளுக்கு அது ஒரு பிரச்சினையே இல்லை. பயம் வேறு ஒன்றில். நிக்காஹ் அன்றைக்கு ஜமாத் பெரியவர்கள், சொந்தக்காரர்கள் எல்லோர் முன்னாலும், "இந்தத் திருமணத்தை ஏற்றுக்கொள்கிறீர்களா?" என்று நிக்காஹ் நடத்தி வைக்கிற ஹஸ்ரத் கேட்பார். மாப்பிள்ளை "கபூல்", அதாவது ஏற்றுக்கொண்டேன், என்று சொல்ல வேண்டும். மைக்கில்.

கபூல். அதே 'க'!

"மத்ததெல்லாம் அண்ணன் சொல்லிடுவான் ஆன்ட்டி. அந்த ஒரு வார்த்தைய மட்டும்... நான்தான் சொல்லணும். நானே முழுசா சொல்லணும். அண்ணன் எடுத்துக் குடுத்து நான் சொன்னா... என் கல்யாணம் மாதிரியே இருக்காது."

வரன்களை ஏன் தட்டிக்கழித்தான் என்று அப்போதுதான் புரிந்தது. அந்தச் சின்ன அறையில் உட்கார்ந்து அவன் எதற்காக ஆடிக்கொண்டிருந்தான் என்பதும். "ஷமீமா வீட்டுக்குச் சரின்னு சொல்லிடட்டுமாடா?" என்று மட்டும் கேட்டேன். தலையாட்டினான். இந்தத் தடவை மேலும் கீழுமாக.

விஷயத்தைக் கேட்ட மும்தாஜ் அக்காவுக்குச் சந்தோஷம் பாதி, ஆத்திரம் பாதி. "துப்பாக்கி கேமாம்மா? இதுக்கா நான் பிளாக் பூரா சொல்லி வெச்சேன்?" என்றார். யாராண்டயும் சொல்லாதே என்று எனக்குச் சொன்னவர்தான்!

போன ஞாயிறு. பூந்தமல்லி மண்டபம். வாசலில் ஷூ கழற்றிக்கொண்டிருந்த ஒரு தாட்டியான மனிதர், நான் ஆட்டோக்காரரிடம் பேசிய பேச்சைக் கேட்டுச் சட்டென்று திரும்பினார்.

"யக்கா... நீங்கதான அந்தக் கன்டெய்னர் அக்கா?"

முருகேசன்! தென்காசியிலிருந்து ரயிலேறி வந்திருக்கிறார். குரலை வைத்தே என்னைக் கண்டுபிடித்துவிட்டார். என் புகழ் அப்படி.

பெண்கள் பக்கம் மாடியில். கீழே நடப்பதைப் பெரிய டி.வி.யில் பார்த்தோம். ஹஸ்ரத் ஓதி முடித்து, பெண்ணின் பெயர், மாப்பிள்ளை அவளுக்குத் தருகிற மஹர் பணம் எல்லாம் சொல்லி, மாப்பிள்ளையைப் பார்த்துக் கேட்டார். மைக் கபீர் முன்னால் வந்தது.

"க்..."

"க்... க்..."

கழுத்து நரம்பு புடைக்கிறது, எனக்குத் தெரிந்த அதே நரம்பு. மும்தாஜ் அக்கா என் கையை நெறிக்கிறார். கீழே முணுமுணுப்பு கிளம்பியது. பக்கத்தில் இருந்த நசீரின் கை மெல்ல மைக் பக்கம் நீண்டது. உதடு பிரிந்தது. ஐயோ, சொல்லிவிடப் போகிறானே! என் நாக்கு நுனியிலும் அதே வார்த்தை. பல்லைக் கடித்துக்கொண்டேன்.

அப்போது கூட்டத்தின் பின்னாலிருந்து ஒரு குரல், கும்மென்று:

"வெயிட் பண்ணு!"

மண்டபமே திரும்பிப் பார்த்தது. நசீரின் கை அப்படியே அந்தரத்தில் நின்றது. முணுமுணுப்பு பட்டென்று அடங்கியது. ஹஸ்ரத்கூட நிமிர்ந்து பார்த்துவிட்டு, தாடியைத் தடவிக்கொண்டு பேசாமல் இருந்தார். அது நண்பனைப் பேர் சொல்லிக் கூப்பிட்ட குரல் என்பது எங்களில் சில பேருக்குத்தான் தெரியும். மற்ற எல்லோருக்கும் அது ஆர்டர்!

எல்லோரும் வெயிட் பண்ணினார்கள். கீழே தம் பிரியாணி திறந்து, வாசனை மாடி வரைக்கும் வந்துவிட்டது. அந்த வாசனையிலும் பூந்தமல்லியில் ஒரு மண்டபமே அசையாமல் உட்கார்ந்திருந்ததை நான் என் இரண்டு கண்ணாலும் பார்த்தேன். குழந்தைகள்கூட சத்தம் போடவில்லை. எத்தனை நேரம் என்று எனக்குத் தெரியாது.

கபீர் கண்ணை மூடினான். திறந்தான்.

"கபூல்."

முழுசாக. அவன் குரலில். மைக்கில்.

மும்தாஜ் அக்கா என் தோளில் சாய்ந்து அழுதார். நான் என்ன, சும்மா இருந்தேனா? அவரைவிடச் சத்தமாக அழுதேன். டி.வி.யில் நசீர், நீட்டின கையாலேயே தம்பியை இழுத்துக் கட்டிக்கொண்டிருந்தான்.

சாப்பாட்டு நேரத்தில் ஜமாத் பெரியவர் ஒருத்தர் முருகேசனைப் பிடித்துவிட்டார். "ஏம்ப்பா, ஹஸ்ரத் உட்கார்ந்திருக்கிற சபையில, வெயிட் பண்ணுன்னு ஒருமையிலயா சொல்றது? பண்ணுங்கன்னு சொல்லக் கூடாது?"

முருகேசன் பிரியாணிக் கையோடு எழுந்து நின்றார்.

"ஐயா, அது மாப்ள பேருல்லா!"

இதுவரை எழுதியதை என் வீட்டுக்காரரிடம் படித்துக் காட்டினேன். கேட்டுவிட்டு, "வசந்தி, நானும் ரொம்ப நாளா உன்கிட்ட ஒண்ணு..." என்று ஆரம்பித்திருக்கிறார்.

வெயிட் பண்ணிக்கொண்டிருக்கிறேன்.