கெஞ்சாத குரல்

டிரெய்லர் வெட்டுவது என் தொழில். ஹட்டனில் ஒரு பேக்கரிக்கு மேலே உள்ள அறையில் உட்கார்ந்து, யாரோ எடுத்த இரண்டு மணி நேரப் படத்தை இரண்டு நிமிடமாக்குகிறேன். "எல்லாத்தையும் நீயே காட்டிட்டா மிச்சத்த எவன் பாப்பான்?" என்று அம்மா கிண்டல் செய்வாள். தேயிலைத் தோட்டத்து லயத்தில், தொழிலாளர் வரிசை வீட்டில், பிறந்தவளுக்கு இதெல்லாம் எதற்கு என்று கேட்டவர்களும் உண்டு. அவர்களுக்கு நான் பதில் சொல்வதில்லை. எனக்கு வேலை இருக்கிறது.

போன வருடம் கொழும்புத் தயாரிப்பாளர் ஒருவர் ஒரு தோட்டத்துப் படத்தை அனுப்பினார். அதில் ஒரு காட்சி. கொழுந்து நிறை குறைவு என்று சொல்லிக் கணக்கப்பிள்ளை ஒரு பெண்ணுக்கு அரைப்பேர் போடுகிறார், அதாவது பாதி நாள் சம்பளம். அந்தப் பெண் தொழில்முறை நடிகை அல்ல; டிக்கோயாப் பக்கம் நிஜமாகவே கொழுந்து பறிப்பவர். "ஐயா, எங்க வயித்துல அடிக்காதீங்க ஐயா" என்று அழுகிறார். எனக்குச் சுருக்கென்றது. குரல்தான் அழுதது, கண் அழவில்லை. வாயசைவும் ஒட்டவில்லை.

படப்பிடிப்பில் பதிவான ஒலியும் கூடவே வந்திருந்தது. அதைப் போட்டுக் கேட்டேன். தகரத்தில் மழை கொட்டுகிறது, அதற்கும் மேலே அவருடைய சொந்தக் குரல்: "அரைப்பேரா? போடுங்க. நாளைக்கி கொழுந்து பறிக்க மலைக்கி யாரு போறாங்கன்னு பாப்போம்."

எனக்கு வந்த கோபம் கொஞ்சநஞ்சமல்ல. எங்கள் ஆட்கள் திரையில் அழுதே தீர வேண்டுமா? டப்பிங் குரலைத் தூக்கிவிட்டு, அந்த மழையோடு சேர்த்து அவர் குரலையே வைத்து டிரெய்லரை அனுப்பினேன்.

தயாரிப்பாளர் உடனே அழைத்தார். "இதென்ன வேல தங்கச்சி? அழுதாத்தான் சனம் படம் பார்க்கும். டப்பிங்கையே போடுங்க. ஏலாட்டி சொல்லுங்க, வேற ஆளப் பார்க்கிறேன்."

யோசித்துச் சொல்வதாகச் சொல்லிப் போனை வைத்துவிட்டேன். அந்த வேலை போனால் அறை வாடகைக்கே திண்டாட வேண்டியிருக்கும், பயமாகத்தான் இருந்தது. ஆனால் அந்த வார்த்தைகளைப் பேசியவர் அந்தப் பெண். அவரிடம் யாராவது கேட்டார்களா? டிக்கோயாவுக்கு பஸ் ஏறினேன்.

மலையிலிருந்து வந்து காலைக் கழுவிக்கொண்டிருந்தார். போனில் டப்பிங் காட்சியைப் போட்டுக் காட்டினேன். முகத்தைச் சுளித்தார்.

"இது யாரு, இப்புடிக் கெஞ்சுறது?"

"நீங்கதான்க்கா. கொரல மாத்திட்டாங்க."

அதற்குமேல் அவர் அதைப் பார்க்கவில்லை. போனை என் கையில் திணித்தார்.

"நான் பேசுனத போட முடியாட்டி, என் மூஞ்சியையும் எடுத்துறச் சொல்லு புள்ள."

எடுத்துவிட்டேன். அவர் வரும் ஒவ்வொரு ஷாட்டையும் தூக்கிவிட்டு, புதிய டிரெய்லரைக் கொழும்புக்கு அனுப்பினேன். பனி, தேயிலை, ரயில், மறுபடியும் பனி. சுற்றுலா விளம்பரம் தோற்றது. போஸ்டர் முழுக்க அவர் முகத்தை அச்சடித்து வைத்திருந்த மனிதர் பதறிப்போனார்.

"தங்கச்சி, இதில ஆளே இல்லையே!"

"அவங்க கொரல் வந்தா ஆளும் வருவாங்க சேர். அது அவங்க சொன்னது. நானும் அதையேதான் சொல்றேன்."

கடைசியில், "அந்த மழைச் சத்தத்தையாவது குறைக்க ஏலுமா?" என்றார்.

"கொறைக்கலாம் சேர். அவங்கள மட்டும் கொறைக்க மாட்டேன்."

டிரெய்லர் அந்தக் குரலோடுதான் வெளியானது. படத்திலும் அதையே வைத்தார். வேறு என்ன செய்வார், ஊரே கேட்டுவிட்டதே.