பூஜையில் வைத்த ஆய்வேடு

பிராட்பேண்ட் வந்த புதிதில் எனக்கு அது ஓசிப் பந்தி மாதிரி இருந்தது. வேங்கிக்காலில் கலெக்டர் ஆபீசுக்கு எதிரே டைப்பிங் சென்டர் வைத்திருந்தேன். மனு அடித்துத் தருவேன். ஆள் இல்லாத நேரத்தில் தியேட்டரில் ஓடிக்கொண்டிருக்கும் படங்களை இறக்குவேன். தப்பு என்று தெரியும். ஊரே செய்கிறது, நான் மட்டும் என்ன உத்தமியா என்று சமாதானம் வேறு.

அந்த வருடம் ஆயுத பூஜையன்று கம்ப்யூட்டருக்குப் பொட்டு வைத்துக் கற்பூரம் காட்டினேன். அதன் பிறகு அன்று முழுக்க அதைத் தொடக்கூடாது. எனக்குக் கை சும்மா இருக்குமா? கடையைப் பாதி சாத்திக்கொண்டு புதுப் படம் ஒன்றை இறக்கித் திறந்தேன். படம் வரவில்லை. திரை இரண்டு முறை அணைந்து எரிந்தது. பிறகு பார்த்தால் எல்லா ஃபோல்டரும் காலி.

அதில் கீழ்பென்னாத்தூர் டீச்சர் ஒருவரின் ஆய்வேடு இருந்தது. நடவுப் பாட்டுகளைப் பற்றி நான்கு வருட உழைப்பு. கடைசித் திருத்தங்களை என் பக்கத்தில் உட்கார்ந்து வாயால் சொல்லித்தான் அடிக்க வைத்தார். மறுநாள் பிரிண்ட் எடுத்து, அதற்கடுத்த நாள் பல்கலைக்கழகத்தில் கொடுக்க வேண்டும். கெஞ்சிக் கூப்பிட்டதும் வந்த மெக்கானிக் உதட்டைப் பிதுக்கினார்.

"வைரஸுங்க. எல்லாம் போச்சு. இனிமே கண்ட படத்தையும் இறக்காதீங்க."

அவர் போன பிறகு அழுதுகொண்டே சாமி படத்தைப் பார்த்தேன். அதன் கீழே ஒரு சிடி. முடித்த வேலையும் பூஜையில் இருக்கட்டும் என்று முந்தின நாள் ஆய்வேட்டை அதில் ஏற்றி வைத்தது அப்போதுதான் நினைவுக்கு வந்தது. ஆனால் மகராசி நான், சந்தனத்தை எல்லாம் பதிவாகியிருக்கும் பளபளக்கும் பக்கத்தில் அல்லவா அப்பியிருந்தேன்! ஈரத்துணியால் துடைத்து எடுத்துக்கொண்டு, கடையைப் பூட்டப்போன பக்கத்து ஜெராக்ஸ்காரரை நிறுத்தி, அவர் கம்ப்யூட்டரில் போட்டேன். இரண்டு முறை திணறியது. மூன்றாவது முறை முதல் பக்கம் வந்தது. அப்பாடா என்று அங்கேயே தரையில் உட்கார்ந்துவிட்டேன்.

மறுநாள் டீச்சரிடம் எதையும் மறைக்கவில்லை. அவர் முகம் வெளிறியது.

"காப்பி இருக்குங்க. ஒரு எழுத்துகூடப் போகல" என்றேன்.

மூச்சு விட்டவர், "சில சென்டர்ல ஆய்வேட்டையே காப்பி போட்டு வேற ஆளுக்குத் தர்றாங்களாமே, நீ அப்படி யாருக்கும் குடுத்துடலையேம்மா?" என்று கேட்டார்.

எனக்குச் சுருக்கென்று கோபம் வந்தது.

"என்ன டீச்சர்! நீங்க கஷ்டப்பட்டு எழுதினத உங்களைக் கேக்காம நான் எப்படிங்க எடுத்துக் குடுப்பேன்?"

டீச்சர் நிம்மதியாகத் தலையாட்டினார். நான் சொன்னது அப்போதுதான் என் காதிலேயே விழுந்தது. இறக்கிய படங்கள் நினைவுக்கு வர, நாக்கைக் கடித்துக்கொண்டேன்.