தேவகி அக்கா அழித்த படங்கள்

தேவகி அக்கா இறந்துவிட்டார் என்று தையல் கம்பெனி சூப்பர்வைசர் சொன்னபோது நான் முதலில் கேட்டது, "யார் சொன்னாங்க?" அக்காவின் தங்கையே போன் செய்தாராம். அதன் பிறகுதான் அழுகை வந்தது. யாரோ சொன்னார்கள் என்று வரும் செய்தியை அக்கா நம்பமாட்டார். பக்கத்து மெஷினில் உட்கார்ந்து எனக்கும் அது தொற்றிவிட்டது.

உத்திரமேரூரிலிருந்து எங்களோடு வேனில் வந்தவர்களுக்கு நினைவிருக்கும். அக்கா ஒருத்தியிடம் தன் ஊர் ராஜகுளம் என்பார், இன்னொருத்தியிடம் திருமுக்கூடல் என்பார். "இன்னாக்கா, தெனம் ஒரு ஊரு மாத்திக்கினு கீறே? போலீஸ் தேடுதா?" என்று கற்பகம் கிண்டல் செய்வாள். அக்கா சிரிக்காமல், "உனக்கு எதுக்குமா அது?" என்பார். நாமும் அவரைச் சந்தேகமாகத்தான் பார்த்தோம்.

தேர்தல் சமயத்தில் திருப்புலிவனம் அருகே வேனை மறித்தார்கள். காக்கிச் சட்டையைக் கண்டதும் அக்கா என் போனைப் பிடுங்கிப் படங்களையெல்லாம் அழித்தார். என் தம்பியின் பிறந்தநாள் படங்களும் போயின.

"யாராச்சும் பணம் எடுத்துக்கினு போறாங்களான்னு பாக்கறாங்கக்கா. போனை யாரு பாக்கப்போறா?" என்றேன்.

அன்று சாப்பாட்டு நேரத்தில்தான் காரணத்தைச் சொன்னார். பர்மாவில் பிறந்து வளர்ந்தவர். அங்கே ராணுவ ஆட்சி வந்த பிறகு, தெருமுனையில் சிப்பாய்கள் போனை வாங்கிப் பார்ப்பார்களாம். ஆளைக் கொண்டுபோக ஒரு படம் போதும். "காலைல தலை வாருற மாதிரி போனையும் வாரிட்டுத்தான் மார்க்கெட்டுக்குப் போவோம். வெங்காயம் வாங்கணுமே, பிள்ளைக்குச் சோறாக்கணுமே" என்றார். அந்தப் பிள்ளையை இப்போது அங்கே படைக்கு இழுத்துப்போகத் தேடுகிறார்கள், அவன் ஒளிந்திருக்கிறான். தன்னால் அவன் மாட்டிக்கொள்ளக் கூடாதென்று அவன் படங்களையெல்லாம் அக்காவே அழித்திருந்தார். "சில நாள் அவன் மூக்கு ஞாபகத்துக்கே வரமாட்டேங்குது" என்றார்.

காரியத்தன்று அந்த மகன் சித்தியின் போனில் பேசினான். அம்மாவின் படம் ஒன்றுகூட அவனிடம் இல்லை, இருந்தால் அனுப்பச் சொன்னான். ஆயுத பூஜையன்று கம்பெனியில் எடுத்தது ஒன்று என்னிடம் இருந்தது. அதிலும் அக்கா முகத்தைப் பாதி திருப்பிக்கொண்டிருப்பார்.

நான் புதியவர்களிடம் பேசுகிறவள் இல்லை. இருந்தும், "நீங்கதான் அக்கா புள்ளைன்னு நான் எப்டி நம்பறது?" என்று கேட்டேன்.

அவன் சிரித்துவிட்டான். "அம்மா பக்கத்துல உக்காந்த பொண்ணு நீங்கதான்னு நான் நம்பிட்டேன்."

குரல் அவனுடையதுதான் என்று சித்தி தலையாட்டினார். படத்தை அனுப்பினேன். பிறகு, "பாத்துட்டேன். அழிச்சிட்டேன். நீங்க வெச்சிருங்க" என்றான்.

வைத்திருக்கிறேன். அக்காவோடு பழகிய நீங்கள் கேட்டாலும் காட்டமாட்டேன், கோபித்துக்கொள்ளாதீர்கள். அது அவனுடையது.