இளநீர்ப் பச்சையில் மூன்று சல்வார்

சென்ற ரமழானின் இருபத்து நான்காம் நோன்பு. வியாழக்கிழமை, பிற்பகல் மூன்று மணி இருக்கும். கல்முனையில் நான் வேலை செய்யும் துணிக்கடையின் மேல்மாடியில் இது நடந்தது. நாள், கிழமை, நேரம் என்று எல்லாவற்றையும் எழுதி வைப்பது என் பழைய பழக்கம். அதனால்தான் இவ்வளவு உறுதியாகச் சொல்ல முடிகிறது. ஆனாலும் அந்தப் பிற்பகலை நினைக்கும்போது அது ஒரு குறிப்பாக வருவதில்லை. அரைத் தூக்கத்தில் கண்டது போல, நிறமும் வெளிச்சமுமாக வருகிறது.

எங்கள் முதலாளிக்கு மூன்று கடைகள். பெரியது கல்முனையில். மற்றவை அக்கரைப்பற்றிலும் சம்மாந்துறையிலும். எந்தத் துணி எந்தக் கடைக்கு, எந்த அளவில் எத்தனை என்று பிரித்து அனுப்புவது என் பொறுப்பு. துணி வியாபாரத்தில் எல்லோரும் பயப்படுவது ஒன்றுக்குத்தான்: பெருநாள் முடிந்த பிறகு மிஞ்சிக் கிடக்கும் உடுப்பு. முதல்நாள் இரண்டு பேர் இழுபறிப்பட்ட சல்வாரை, பிறை கண்ட மறுநாள் யாரும் திரும்பியும் பார்க்க மாட்டார்கள்.

அந்த ஆபத்தைக் குறைக்க நான் ஒரு வழி கண்டுபிடித்திருந்தேன். முந்திய பெருநாள்களின் குறிப்புகளைப் புரட்டிப் பார்த்தபோது, கல்முனையில் பிள்ளைகளின் அளவுகளும் அக்கரைப்பற்றில் பெரிய பெண்களின் அளவுகளும் அதிகம் விற்றிருந்தன. இருபதாம் நோன்பன்று, ஞாயிற்றுக்கிழமை, பெரிய அளவுகளில் பெரும்பகுதியை அக்கரைப்பற்றுக்கு ஏற்றிவிட்டு அங்கிருந்த சிறிய அளவுகளை இங்கே இறக்கினேன். கடைசிப் பத்து நோன்பில் யாருக்கும் எந்த உடுப்பையும் ஒதுக்கி வைக்கக் கூடாது என்ற சட்டமும் நான் போட்டதுதான்.

பெண்கள் பகுதிக்குப் பொறுப்பானவர் என் வயதுக்காரி. அக்கா என்ற முறையில் கடையில் எல்லோரும் அவரை ராத்தா என்போம். அவர் மட்டும் தடுத்தார்.

"சைசப் பிரிங்க, வேணாங்கல்ல. குடும்பத்தப் பிரிக்காதீங்க. ஒரு வீட்டுப் பிள்ளையள் எல்லாம் ஒரே அளவிலயா இரிக்கிறாங்க?"

எங்கள் ஊர்களில் பெருநாளைக்கு அக்கா தங்கைகள் ஒரே துணியில் உடுப்பது வழக்கம். அதைத்தான் அவர் சொன்னார். நான் குறிப்பு எழுதும் கொப்பியை விரித்துக் காட்டினேன். உங்கட கொப்பியா பெருநாளைக்கு உடுப்பு உடுக்கப் போகுது என்று கேட்டுவிட்டு, சிரித்தபடி போய்விட்டார்.

அந்த வியாழக்கிழமை மருதமுனையிலிருந்து ஒரு பெண் மூன்று சிறுமிகளுடன் வந்தார். பிள்ளைகளுக்கு அவர் சாச்சி, அதாவது தாயின் தங்கை. தாய் வளைகுடா நாடொன்றில் வீட்டு வேலைக்குப் போய் நான்கு வருடம். அவர் சாச்சியின் கையிலிருந்த போனுக்குள் இருந்தார். அங்கே மணி பன்னிரண்டரை. நோன்பு காலத்தில் அந்த வீட்டார் அந்நேரம் தூங்குவார்கள். எழுந்து சமையலுக்குக் கூப்பிடும் வரைக்கும் அவருக்குப் போன் பேச அனுமதி. அதுவும் வியாழனும் ஞாயிறும் மட்டும்.

போனை ஒவ்வொரு துணிக்கும் நேரே பிடித்துக்கொண்டு போனார் சாச்சி. தாய் ஒரு நிறத்தில் நின்றுவிட்டார். நாங்கள் இளநீர்ப் பச்சை என்று சொல்லும் நிறம். ஜன்னல் வெளிச்சத்தில் விரித்தால், துணி கொஞ்சம் மிதப்பது போல இருக்கும். மூன்று பேருக்கும் இதுவே என்றார். இளையவளுக்குச் சரியானது கிடைத்தது. நடுவிலுள்ளவளுக்கும் கிடைத்தது. மூத்தவளுக்கு முப்பது என்று தாய் சொன்னார். ராத்தா அளவு நாடாவைப் பிடித்துப் பார்த்துவிட்டு முப்பத்தாறு என்றார்.

அழைப்பு அறுந்துவிட்டதோ என்று சாச்சி போனைப் பார்த்தார்.

"முப்பத்தாறா?" என்றார் தாய். "அது என்ட அளவெல்லவா?"

பிள்ளைகள் பகுதியில் முப்பத்து நான்குக்கு மேல் கிடையாது. முப்பத்தாறு பெரியவர்கள் பகுதியில் இருக்க வேண்டும். அங்கே அந்தத் துணியில் ஒன்றுகூட இல்லை. நான்கு நாளுக்கு முன் என் கையாலேயே கட்டி அனுப்பியிருந்தேன். ராத்தா என்னைப் பார்க்கவில்லை. பார்த்திருந்தால் கொஞ்சம் சுலபமாக இருந்திருக்கும்.

மூத்தவள் தனக்கு வேறு நிறம் போதும் என்றாள். நல்ல பிள்ளை. நானும் அதைப் பிடித்துக்கொண்டு, இதே மாதிரி ஊதாவில் இருக்கிறது என்று போனுக்குள் காட்டினேன். தாய் அதைப் பார்க்கவே இல்லை. அண்ணன் முறையில் என்னைக் காக்கா என்று கூப்பிட்டார்.

"காக்கா, பெருநாள் தொழுகத் திடல்ல எத்தின பிள்ளை நிக்கும்? தங்கச்சி போனத் தூக்கிப் பிடிப்பா. இந்தச் சின்னக் கண்ணாடிக்குள்ள நான் முகத்தையா தேடுற? நிறத்தத்தான் தேடுவன். ஒரு நிறத்தக் கண்டா மூணு பேரையும் கண்ட மாதிரி."

அக்கரைப்பற்றுக் கடைக்கு அழைத்தேன். முப்பத்தாறில் ஒன்றே ஒன்றுதான் மிச்சம், அது முன் கண்ணாடிக்குள் பொம்மையின் உடம்பில் இருக்கிறது என்றார் அங்குள்ள பொறுப்பாளர். ஒதுக்கி வையுங்கள் என்றேன். கடைசிப் பத்தில் ஒதுக்கக் கூடாது என்பது உங்கட சட்டமெல்லவா என்று அவர் கேட்டார். பொம்மையோடு தூக்கி உள்ளே வையுங்கள், நானே வருகிறேன் என்றேன். கடையின் சரக்கு வான் சம்மாந்துறைக்குப் போயிருந்தது. தாய் அடுத்துப் பேசக்கூடிய ஞாயிறு வரை விட்டால், உடுப்பு கிடைத்தாலும் அந்தப் பெரியவர்கள் உடுப்பின் கையைப் பிள்ளைக்கு ஏற்றபடி சுருக்கித் தைத்துக் கொடுக்க ஆள் இருக்காது. ஒன்றரை மணித்தியாலத்தில் வருவதாகத் தாயிடம் சொன்னேன். அதுவரை அந்த வீட்டார் எழும்பாமல் இருக்க வேண்டும் என்று அவரும் நானும் ஒரே நேரத்தில் துஆக் கேட்டிருப்போம்.

மோட்டார் சைக்கிளில் போன அந்த வழியை நான் எத்தனையோ தடவை போயிருக்கிறேன். அன்று அது வேறொரு வழியாக இருந்தது. காரைதீவைக் கடந்ததும் வெட்டி முடிந்த வயல்கள் வெயிலில் வெள்ளையாகக் கிடந்தன. வீதியோரம் காயப்போட்ட நெல்லின் நீண்ட மஞ்சள் கரை என்னோடு கூடவே வந்தது. நோன்பு வயிற்றில் தலை லேசாகி, வண்டி ஓடுகிறதா, ஊர்கள்தான் என்னைக் கடந்து போகின்றனவா என்று தெரியவில்லை. நிந்தவூரில் யாரோ கஞ்சிக்கு இஞ்சி தாளிக்கும் மணம். ஒலுவில் கடந்து பாலமுனையில், தென்னைகளுக்கு இடையே கடல் ஒரு கீற்றாகத் தெரிந்து மறைந்தது. அந்தக் கீற்றும் இளநீர்ப் பச்சையாகவே எனக்குத் தோன்றியது. நான்கு வருடம் ஒரு பிள்ளையை உள்ளங்கை அளவுக் கண்ணாடிக்குள் பார்த்துக்கொண்டிருந்தால் அது வளர்வது எப்படித் தெரியும் என்று நினைத்துக்கொண்டே போனேன்.

அக்கரைப்பற்றில் பொம்மையிலிருந்து சல்வாரைக் கழற்றியபோதுதான் பார்த்தேன். வலது தோளில் ஒரு கை அகலத்துக்கு நிறம் வெளிறியிருந்தது. அந்தக் கண்ணாடிக்கு மாலை வெயில் நேரே விழும். நான்கு நாள் வெயில் போதுமாக இருந்திருக்கிறது. மடித்துக் கொடுங்க, போன்ல என்னத்தத் தெரியப் போகுது என்றார் பொறுப்பாளர், நல்ல மனதோடுதான். திரும்பி வரும் வழியெல்லாம் அந்த வார்த்தை என் காதுக்குள் கூடவே வந்தது. அதன்படி செய்துவிட்டால் என் பிழை யாருக்கும் தெரியாமலே மூடிக்கொள்ளும்.

கல்முனைக்கு வந்தபோது நாலே முக்கால். பிள்ளைகள் அசர் தொழுதுவிட்டு மாடிப் படியில் உட்கார்ந்திருந்தார்கள். போனில் தாய் இருந்தார். நான் மூத்தவளிடம் உடுப்பை விரித்து, தோளைக் காட்டி, பிழை என்னுடையது என்றேன். அவள் விரலால் அந்த இடத்தைத் தடவிப் பார்த்தாள். பிறகு போனுக்கு நேரே பிடித்து, தோளில் கொஞ்சம் வெளிறியிருக்கிறது என்று உம்மாவிடம் தானே சொன்னாள். உடுத்திட்டு வா என்றார் தாய்.

மூவரும் உடுத்திக்கொண்டு ஜன்னல் பக்கம் வந்து நின்றார்கள். சாச்சி போனைத் தள்ளிப் பிடித்தார். இன்னும் பின்னால் போ, இன்னும் கொஞ்சம் என்று தாய் சொல்லச் சொல்ல, சாச்சி மாடியின் மறுகோடி வரை போய்விட்டார். ராத்தா நடுவிலிருந்த உடுப்புத் தாங்கிகளைச் சத்தமில்லாமல் ஒதுக்கி வழி விட்டார். அவ்வளவு தூரத்தில் அவர்கள் மூன்று பிள்ளைகளாகத் தெரியவில்லை. ஒரே பச்சை, மூன்று உயரத்தில் நின்றது.

"எங்க வெளிறி இரிக்கு?" என்றார் தாய். "எனக்கு ஒரு நிறமாத்தான் தெரியுது."

உண்மையாகவே தெரியவில்லையா, மகளுக்காக அப்படிச் சொன்னாரா, அது எனக்கு இன்றுவரை தெரியாது. பிறகு மூத்தவளை மட்டும் கிட்ட வரச் சொன்னார். திரும்பி நிற்கச் சொன்னார். அவள் திரும்பி நின்றாள்.

"பின்னால பாக்க நான் நிக்கிற மாதிரி இரிக்குடி" என்றார். சொல்லி முடிக்கும்போதே அந்தப் பக்கம் யாரோ கூப்பிட்டார்கள். கண்ணாடி கறுத்துப் போனது. மூத்தவள் இன்னும் கொஞ்ச நேரம் திரும்பியபடியே நின்றாள்.

வெளிறிய உடுப்புக்கு முழு விலை வாங்க முதலாளி சம்மதிக்கவில்லை. குறைத்த தொகையை என் பெயரில் எழுதச் சொன்னேன். கை சுருக்கும் வேலையை ராத்தா அன்றே முடித்துக் கொடுத்தார். நோன்பு திறக்கும்போது ஒரு பேரீச்சம்பழத்தை என் பக்கம் தள்ளி வைத்தார், அவ்வளவுதான்.

அதற்குப் பிறகு ஒரு துணியின் அளவுகளை நான் கடைகளுக்கிடையே உடைத்து அனுப்புவதில்லை. கொஞ்சம் மிஞ்சினாலும் மிஞ்சட்டும் என்று விட்டுவிடுகிறேன். இப்போதும் ஒரு முப்பத்தாறைக் கையில் எடுத்தால், எங்கேயோ தூரத்தில் ஒரு தாய் அதை இன்னும் முப்பது என்றே நினைத்துக்கொண்டிருப்பாள் என்று தோன்றும். என் கை தானாகவே மெதுவாகிவிடும்.