ஆணி ஏறாத தொப்பி

மே மாதத்து இரண்டாவது வியாழக்கிழமை, ஆலிஸ் ஸ்பிரிங்ஸில் விடிந்தும் விடியாத நேரம். நெவ் ட்ராஸ்க் வண்டியின் சக்கரங்களை உதைத்துக்கொண்டிருந்தார். முன்னால் இரண்டு உதை, பின்னால் இரண்டு உதை, பின்னே மாட்டியிருக்கும் டிரெய்லருக்கு ஓர் உதை. டயரில் காற்று எவ்வளவு இருக்கிறது என்று பார்க்கும் கருவி அவர் இருக்கைக்கு அடியிலேயே கிடக்கிறது. அதை அவர் மதிப்பதில்லை. “அதுக்கு என்னங்க தெரியும்? என் காலுக்குத் தெரியும்.”

பயணிகள் ஆறு பேர் குளிரில் கைகளைக் கக்கத்தில் வைத்துக்கொண்டு இந்த உதைகளைப் பக்தியோடு பார்த்துக்கொண்டிருந்தார்கள். எல்லார் காலிலும் புதுக் காலணி, எல்லார் தலையிலும் ஈ வலை. அந்தக் குளிரில் ஓர் ஈகூட எழுந்திருக்கவில்லை. நாலு பக்கமும் ஒன்றுமில்லாத இடத்தைப் பார்ப்பதற்காக எங்கெங்கிருந்தோ பணம் கட்டி வந்தவர்கள் அவர்கள். அந்த ஒன்றுமில்லாததை வெட்டி வெட்டிப் பரிமாறுவது நெவ்வின் தொழில்.

உதை முடிந்ததும் பொட்டலம் வெளியே வரும். மஞ்சள் பட்டை ஒன்று, கண்ணாடித்தாளில் கடையில் ஒட்டியது ஒட்டியபடி. மணலில் புதைந்த வண்டியை இன்னொரு வண்டி இழுப்பதற்கான பட்டை. நெவ் அதைத் தலைக்கு மேலே தூக்கிப் பிடிப்பார்.

“இது எதுக்குன்னு தெரியுமா?”

யாராவது ஒருவர் சொல்லுவார்.

“இருபது வருஷமாச்சு வாங்கி. பிரிக்கவே இல்ல. ஏன்?”

அதற்குப் பிறகு ஓர் இடைவெளி விடுவார். அந்த இடைவெளியில் பயணிகள் பதிலைத் தாங்களாகவே கண்டுபிடித்து அவரைப் புது மரியாதையோடு பார்க்க வேண்டும். பார்ப்பார்கள். அவர் பொட்டலத்தைப் பழையபடி பூட்டி வைத்துவிட்டு வண்டியைக் கிளப்புவார். நான் அந்த வண்டியில் சமையலுக்குப் போய் அது மூன்றாவது வருஷம். அந்த இடைவெளி ஒருமுறைகூடக் கூடியதில்லை, குறைந்ததில்லை.

ஆளைச் சொல்லிவிடுகிறேன். ஐம்பத்தாறு வயது. கோடையிலும் பனியிலும் அரைக்கால் சட்டை, முழங்கால் வரை காலுறை. மூக்கின் மேல் வெள்ளைக் களிம்பு. உடம்பில் மற்ற இடமெல்லாம் வெயிலுக்குத் தானம். தலையில் வியர்வையும் எண்ணெயும் ஊறி, என்ன நிறத்தில் வாங்கியது என்று அவரே மறந்துவிட்ட தோல் தொப்பி. யாரையும் பெயர் சொல்லிக் கூப்பிட மாட்டார். பயணிகளுக்கு அவர்கள் உட்கார்ந்த இடம்தான் பெயர். “ரெண்டாம் ஜன்னல், தண்ணி குடிச்சீங்களா?” “பின் சீட்டு, தூங்காதீங்க, ஒட்டகம் வருது.” எனக்குக் கரண்டி என்று பெயர் வைத்திருந்தார். இன்னும் எவ்வளவு தூரம் என்று யார் கேட்டாலும் ஒரே பதில். “அந்த மேட்டுக்கு அந்தப் பக்கம்.” மேட்டுக்கு அந்தப் பக்கம் இன்னொரு மேடு இருக்கும்.

செம்மண் பாதையில் எதிரே ஒரு வண்டி வந்தால், ஓட்டுகிறவர்கள் ஸ்டியரிங்கிலிருந்து ஒரு விரலை மட்டும் தூக்குவது அங்கே வழக்கம். இருக்கியா, இருக்கேன், அவ்வளவுதான் அதற்கு அர்த்தம். அடுத்த மனிதரைப் பார்க்க அரை நாள் ஆகும் ஊரில் அந்த ஒரு விரல் பெரிய விஷயம். மாட்டு லாரிக்கு நெவ் விரல் தூக்குவார். போலீஸ் வண்டிக்கு, தபால் வண்டிக்கு, ஜன்னலே இல்லாமல் பத்துப் பேரை ஏற்றிக்கொண்டு வரும் ஓட்டைக் காருக்குக்கூடத் தூக்குவார். பக்கவாட்டில் பெரிய எழுத்தில் கம்பெனி பெயர் எழுதி, கூரையில் கூடாரம் கட்டிய வாடகை வண்டிகளுக்கு மட்டும் தூக்க மாட்டார். அவர்கள் தூக்குவார்கள். புதிதாகக் கற்றுக்கொண்ட உற்சாகத்தில் ஐந்து விரலையும் ஆட்டுவார்கள். நெவ் சாலையைப் பார்ப்பார்.

“ஏன் நெவ், பாவம், கை ஆட்டுறாங்க.”

“வாடகை வண்டிக்காரனுக்கு விரல் தூக்கினா, வீட்டுக்குப் போயி நானும் பாலைவனத்துல வண்டி ஓட்டினேன்னு சொல்லுவான் கரண்டி. அந்தப் பாவம் எனக்கு எதுக்கு?”

இந்த வீறாப்புக்கெல்லாம் மூலதனம் ஒரு சுவர். ஃபிங்க் ஆற்றைத் தாண்டிப் போனால் ஜெனீன் நடத்தும் சாலையோரக் கடை வரும். பெட்ரோல், பீர், இறைச்சி வடை, நாலு அறை, எல்லாம் ஒரே தகரக் கூரையின் கீழ். அந்தத் தடத்தில் வண்டி ஓட்டுகிற எவனையாவது மணலிலிருந்தோ சேற்றிலிருந்தோ இன்னொருவர் இழுத்துவிட்டால், அவன் தொப்பியைக் கழற்றிக் கொடுத்துவிட வேண்டும். ஜெனீன் அதைச் சுவரில் வைத்து நடுமண்டையில் ஆணி அடிப்பாள். ஒரு தடவை ஏறியது இறங்காது. லாரிக்காரர்கள், பண்ணைக்காரர்கள், மற்றக் கம்பெனி வழிகாட்டிகள், எல்லார் தொப்பியும் அங்கே தூசி பிடித்துத் தொங்கியது. நெவ்வின் தொப்பி மட்டும் அவர் தலையிலேயே இருந்தது. தொப்பி இழந்தவர்கள் சுவருக்கடியில் நீள மேசையில் கூட்டமாக உட்கார்ந்து சிரிப்பார்கள். நெவ் எதிர்ப்பக்கம் தனி மேசையில் உட்கார்ந்து சாப்பிடுவார். மனைவி டார்வினுக்குப் போனபோது நாயும் அவளோடு போய்விட்டது. வீடு என்பது ஊர்க்கோடியில் சக்கரம் கழற்றிய கேரவன். சுவரில் இல்லாத அந்தத் தொப்பியைக் கழித்துவிட்டால் அந்த மனிதரிடம் மிச்சம் ஒரு காலுறை ஜோடிதான்.

வெள்ளிக்கிழமை நடுப்பகலில் ஆற்றுக்கு வந்தோம். ஆறு என்று பெயர். தண்ணீர் வராத வருஷங்களில் அது பெருமரங்களுக்கு நடுவே ஓடும் மணல்தான். மற்ற வழிகாட்டிகள் கரையில் வண்டியை நிறுத்தி டயரில் காற்றைப் பாதியாக இறக்கிக்கொண்டுதான் இறங்குவார்கள்.

“காத்தைக் குறைக்கணும்னு புத்தகத்துல போட்டிருக்கே,” என்றார் அடிலெய்டிலிருந்து வந்திருந்த மார்கரெட். தலைமையாசிரியையாக இருந்து ஓய்வு பெற்றவர். முதலாம் ஜன்னல்.

“புத்தகம் எழுதினவன் மேசையில உக்காந்துல்ல எழுதியிருப்பான்,” என்றார் நெவ். “மணல்ல சூட்சுமம் ஒண்ணே ஒண்ணுதான் டீச்சர். உள்ள போயிட்டா நிறுத்தக் கூடாது. ஆத்தா செத்துட்டான்னு போன் வந்தாலும் நிறுத்தக் கூடாது.”

வண்டி அழகாகத்தான் போனது. பாதி ஆற்றில், அக்கரையோரமாகக் கூழாங்கல் மேட்டில் ஒரு வாடகை வண்டி நிற்பது தெரிந்தது. பக்கத்தில் மடக்கு நாற்காலியில் ஒரு கிழவி. பூப்போட்ட துணித்தொப்பி, அதற்கு மேல் குடை, மடியில் சூரியகாந்தி விதைப் பை. மகள் ரொட்டியில் எதையோ தடவிக்கொண்டிருந்தாள். நெவ்வுக்கு இது பொறுக்கவில்லை. வண்டியை நிறுத்தினார். ஆமாம், அங்கேயேதான், மெத்தென்ற மணலின் நடுவில். கண்ணாடியை இறக்கித் தலையை நீட்டினார்.

“ஏம்மா, அறிவிருக்கா? ஆத்துக்குள்ள யாராவது வண்டிய நிறுத்துவாங்களா? வாடகைக்குக் குடுக்கும்போது எதுவும் சொல்லித்தரலியா?”

“கல்லு மேலதானே அண்ணே நிறுத்தியிருக்கோம்,” என்றாள் மகள்.

“கல்லோ மணலோ, ஆத்துல நிறுத்தினா ஆபத்து. நாளைக்கு நீங்க மாட்டிக்கிட்டா எங்களை மாதிரி ஆளுங்கதான் வந்து இழுக்கணும்.”

இன்னும் கொஞ்சம் பேசினார். அவர் பேசப் பேச, மணல் எங்களைப் பொறுமையாக விழுங்கிக்கொண்டிருந்தது. பேச்சு முடிந்து கியரைப் போட்டார். சக்கரங்கள் சுற்றின. வண்டி முன்னால் போவதற்குப் பதிலாகக் கீழே போனது. மறுபடி மிதித்தார். மறுபடி கீழே. டிரெய்லரின் வயிறு மணலில் உட்கார்ந்துவிட்டது.

எல்லாரும் இறங்கினோம். நெவ் இடுப்பில் கைவைத்து வண்டியைச் சுற்றி வந்தார். உதைப்பதற்குச் சக்கரம் பாதிதான் வெளியே இருந்தது. உதைத்துப் பார்த்தார்.

“உதவி வேணுமா அண்ணே?” என்று கேட்டாள் மகள்.

“ஒண்ணும் வேணாம்மா. மணல் சூடா இருக்கு. ஆறினதும் ஏறிடும்.”

மணல் ஆறும்வரை மண்வெட்டியை முறைபோட்டு வாங்கிப் பயணிகள் தோண்டினார்கள். கிழவி நாற்காலியை நன்றாகத் தெரியும் இடமாகப் பார்த்துத் திருப்பிப் போட்டுக்கொண்டாள். விதையைப் பல்லிடுக்கில் வைத்துக் கடித்து, தோலைத் துப்பி, நாடகம் பார்க்கிறவள்போல ஒவ்வொரு தோண்டலையும் கவனித்தாள். நடுநடுவே வியட்நாமிய மொழியில் ஏதோ சொன்னாள்.

“அம்மா என்ன சொல்றாங்க?” என்றார் மார்கரெட்.

“டயர்ல காத்து ஜாஸ்தியாம். நேத்து வீடியோவுல பாத்தோம்.”

மகள் பெயர் தூய். மெல்போர்னில் பல் டாக்டரிடம் வேலை. அம்மாவுக்கு எழுபது வயதாகிவிட்டது, பாலைவனம் பார்க்க வேண்டும் என்றார், கூட்டிவந்தேன், என்றாள்.

கடைசியில் நெவ் என்னைத் தனியாகக் கூப்பிட்டார். “கத்தியைக் குடு கரண்டி.” பெட்டியைத் திறந்து பொட்டலத்தை எடுத்தார். கண்ணாடித்தாளைக் கிழிக்கவில்லை. ஒட்டிய ஓரத்தோடு நூல் பிடித்ததுபோல் வெட்டினார். திரும்ப ஒட்டப் போகிறவன்தான் அப்படி வெட்டுவான். உள்ளிருந்து விழுந்த செய்முறைத் தாளைத் தூய் எடுத்து உரக்கப் படித்தாள். நெவ் கொக்கியைத் தலைகீழாகப் பிடித்துக்கொண்டிருந்தார். இருபது வருஷமாக அவர் அந்தப் பட்டையைக் காட்டியிருக்கிறார், தொட்டதில்லை. டயர்களில் காற்று இறங்கும்போது கேட்ட சீறலுக்கு முகத்தை மரங்கள் பக்கம் திருப்பிக்கொண்டார். வாடகை வண்டி ஒரே இழுப்பில் எங்களைக் கல்மேட்டுக்குக் கொண்டுவந்து சேர்த்தது. கிழவி கைதட்டினாள்.

“செயல்முறை விளக்கம்னு வச்சுக்கங்க,” என்றார் நெவ், பயணிகளிடம். “மாட்டினா எப்படி இருக்கும்னு காட்டணும்ல.”

“நல்லாவே காட்டினீங்க,” என்றார் மார்கரெட், கையிலிருந்த மணலைத் தட்டியபடி.

அன்று மாலைதான் நெவ்வுக்குப் பயணிகளின் பெயர்கள் தெரியும் என்பது எங்களுக்குத் தெரிந்தது. “மார்கரெட், உங்களுக்கு இன்னொரு சாசேஜ்?” “மார்கரெட், நாளைக்கு நீங்க முன் சீட்டு.” நெருப்பைச் சுற்றி ஒவ்வொருவராகப் பார்த்துச் சொன்னார். “நாளைக்கு ஜெனீன் கடைக்குப் போறோம். அங்க ஆத்துக் கதையெல்லாம் வேணாமே. அவங்களுக்கு அதெல்லாம் போர் அடிச்சுப்போச்சு.” யாரும் சிரிக்கவில்லை. அந்தக் குரலில் அவ்வளவு கெஞ்சல் இருந்தது. நான் பாத்திரம் கழுவிவிட்டுத் திரும்பியபோது அவர் முதலுதவிப் பெட்டியிலிருந்த பிளாஸ்திரியால் கண்ணாடித்தாளை ஒட்டிக்கொண்டிருந்தார். நாக்கு வெளியே நீட்டியிருந்தது.

சனிக்கிழமை. ஜெனீன் கல்லாவுக்குப் பின்னாலிருந்து எப்போதும் கேட்பதைக் கேட்டாள். “டேய் நெவ், தொப்பி கொண்டாந்தியா?”

“தலையில இருக்கு பாரு.”

நீள மேசைக்காரர்கள் உறுமினார்கள். நெவ் தனி மேசையில் உட்கார்ந்து வடையைக் கடித்தார். அப்போது கதவு திறந்தது. குடை முதலில் வந்தது, கிழவி பின்னால் வந்தாள், தூய் பெட்ரோலுக்குக் காசு கொடுக்க வந்தாள். கிழவி நெவ்வைப் பார்த்ததும் முகம் மலர்ந்து, இரண்டு கையாலும் கயிறு இழுப்பதுபோல் காட்டினாள்.

நீள மேசையில் தலைகள் திரும்பின. ஜெனீன் கை சுத்தியலைத் தேடியது. “என்ன இழுவை அது?”

நெவ் வடையை விழுங்கினார். “ஆத்துல மாட்டிக்கிட்டாங்க பாவம்,” என்றார். “நாந்தான் இழுத்துவிட்டேன்.”

மார்கரெட் நாற்காலியைப் பின்னுக்குத் தள்ளினார். தூய் நெவ்வையே பார்த்தாள்.

“யாரு யாரை இழுத்தாங்க அண்ணே?”

நெவ்வின் ஒரு கை தொப்பியின் விளிம்பில் இருந்தது, காற்றடிக்கும் இடத்தில் பிடித்துக்கொள்வதுபோல. கிழவி மகளின் சட்டையைச் சுண்டினாள். தூய் சுவரைக் காட்டி, தொப்பிகளைக் காட்டி, நெவ்வைக் காட்டி விளக்கினாள். கிழவி கேட்டுக்கொண்டே இருந்தாள். பிறகு சிரித்தாள். மூச்சுவாங்கச் சிரித்து, கண்ணைத் துடைத்து, தன் பூப்போட்ட தொப்பியைக் கழற்றிக் கல்லாவின் மேல் வைத்தாள். ஜெனீன் ஆணி எடுக்க உள்ளே போனாள்.

தூய் நெவ்வின் மேசையருகே குனிந்தாள். “உங்க மூஞ்சி ஏற்கெனவே வெந்து கெடக்காம். உங்க தொப்பி உங்களுக்கே இருக்கட்டுமாம். அம்மாகிட்டதான் குடை இருக்கே.”

நெவ் எழுந்திருந்து உண்மையைச் சொல்லியிருந்தால் இந்தச் சித்திரத்தை நான் எழுதியிருக்க மாட்டேன். அவர் வடையைத் தின்று முடித்தார். சுத்தியல் மூன்று தடவை விழுந்தது. ஒவ்வொன்றுக்கும் அவர் கண்கள் இமைத்தன. நீள மேசைக்காரர்கள் கிழவிக்கு இடம் ஒதுக்கி உட்காரவைத்து எலுமிச்சை பானம் வாங்கிக் கொடுத்தார்கள். அந்தச் சுவரில் பூப்போட்ட தொப்பி அது ஒன்றுதான்.

நான் அந்த வேலையை விட்டு, இன்னும் சில நாடுகளில் திரிந்துவிட்டு, ஊர் திரும்பி ஒரு வருஷத்துக்கு மேல் ஆகிறது. போன வாரம் ஜெனீனிடமிருந்து ஒரு செய்தி. பல் பிடுங்க ஆலிஸ் ஸ்பிரிங்ஸுக்குப் போக வேண்டியிருந்ததாம், நெவ்வின் வண்டியில் முன் சீட்டில் தொற்றிக்கொண்டாளாம். “கரண்டி, இவனுக்குப் புத்தி பேதலிச்சிருச்சா? நீயே பாரு,” என்று ஒரு வீடியோவும் அனுப்பியிருந்தாள்.

செம்மண் பாதை. ஸ்டியரிங்கில் நெவ்வின் மயிரடர்ந்த கை. முகம் படத்தில் இல்லை, குரல் மட்டும் பின்சீட்டுப் பயணிகளுக்குச் சொல்லிக்கொண்டிருக்கிறது. “இருபத்திரெண்டு வருஷமாச்சு வாங்கி. பிரிக்கவே இல்ல. ஏன்?” அந்தப் பழைய இடைவெளி. எதிரே புழுதியிலிருந்து ஒரு வாடகை வண்டி வருகிறது, கூரையில் கூடாரம், பக்கவாட்டில் பெரிய எழுத்து. நெவ்வின் ஒரு விரல் ஸ்டியரிங்கை விட்டு எழுகிறது. அந்த வண்டி கடந்து, புழுதியும் அடங்கிவிட்டது. விரல் இன்னும் இறங்கவில்லை.