அய்யனார் கோயிலுக்கு முத்துப்பேச்சி ஏறிப்போன பாதை

கூமாப்பட்டிப் பக்கம் மலையடிவாரத்தில் அய்யனார் இருக்கிறார். செட்டியார்பட்டி முத்துப்பேச்சி வகையறாவுக்கு அவர்தான் குலசாமி. பங்குனி உத்திரத்துக்கு வேன் பிடித்துப் போவார்கள். வேன் நிற்கும் புளியமரத்தடியில் செருப்பைக் கழற்றிவிட்டு, கோயில் இருக்கும் ஓடைக்கரை மேட்டில் ஏறிவிடும் சனம். முத்துப்பேச்சி மட்டும் கையால் சுற்றும் மூன்று சக்கர வண்டியில் உட்கார்ந்து, அத்தனை செருப்புக்கும் காவல் இருப்பாள். இறங்கி வருகிறவர்கள் அவள் நெற்றியில் திருநீறு பூசி, பொங்கலைக் கையில் கொடுப்பார்கள்.

பிறந்த மறுவருசம் வந்த காய்ச்சலில் கால் இரண்டும் சூம்பிப் போனது அவளுக்கு. சின்னதில் அப்பா தோளில் வைத்துக் கொண்டுபோனார். அவருக்குப் பிறகு அண்ணன் உக்கிரபாண்டி தூக்கினார். குமரியானதும் அவள் ஒத்துக்கொள்ளவில்லை. "ஊரு பாக்க மூட்டை தூக்குத மாதிரி தூக்குவிய. நான் வரலண்ணே. என்னைக்கு நானா ஏறுதனோ அன்னைக்குச் சாமியப் பாத்துக்கிடுதேன்" என்றாள். அதற்குப்பின் முப்பது வருசம் ஓடிவிட்டது. வீட்டில் இருந்தபடி பேண்டேஜ் துணி மடித்துச் சுருட்டிப் பிழைக்கிறாள்.

உக்கிரபாண்டி போலீசில் இருந்து ஓய்வு பெற்றதும் முதல் வேலையாகப் பங்காளிகளைக் கூட்டினார். முத்துப்பேச்சியின் வண்டி ஏற, மேட்டில் சிமெண்டுப் பாதை போட முடிவானது. போட்டார்கள், கயிறு பிடித்த மாதிரி நேராக. சித்தப்பா மகன் ஜெயபாண்டி டிவிஎஸ் வண்டியில் இரண்டு அரிசி மூட்டையை வைத்து ஏற்றிக் காட்டினான்.

"ரெண்டு மூட்டையே ஏறிட்டு. அக்கா என்ன அம்புட்டு கனமா?"

முத்துப்பேச்சி ஏறிப் பார்த்தாள். பாதி மேட்டில் கை ஓய்ந்தது, வண்டி பின்னால் உருண்டது. உக்கிரபாண்டி ஓடிப் பிடித்தார். பிடித்த கை தள்ளவும் ஆரம்பித்தது.

"கைய எடுங்கண்ணே." வண்டியை ஓரம் கட்டிவிட்டு ஜெயபாண்டியைப் பார்த்தாள். "ஏலே, உன் வண்டிக்குப் பெட்ரோல் ஊத்துன. எனக்கு என்னத்தலே ஊத்துவ?"

எல்லாரும் சிரித்தார்கள். அவள் சிரிக்கவில்லை. பக்கத்தில் நின்ற அண்ணன் பெண்டாட்டி பாண்டிசெல்வியிடம் கேட்டாள்.

"மதினி, பொங்கலுக்கு ஓடையில குடம் எடுத்துட்டு எப்படி மேல ஏறுவிய?"

"நேராவா ஏறுவாக? இடுப்பு ஒடிஞ்சிரும்லா. சாஞ்சு சாஞ்சு சுத்தித்தான் வருவோம். நடுவுல குடத்த இறக்கி வச்சு, செத்த நேரம் மூச்சு வாங்குவோம்."

"அந்த வழி போதும் எனக்கு."

போட்டதை உடைத்தார்கள். பாண்டிசெல்வி வெறுங்குடத்தை இடுப்பில் வைத்து நடந்து காட்ட, ஜெயபாண்டி பின்னாலேயே சுண்ணாம்புக் கோடு போட்டான். அவள் குடம் இறக்கிய இடமெல்லாம் வண்டி நிற்கச் சமதளமானது. சக்கரம் வழுக்காமல் இருக்க, ஈரச் சிமெண்டில் தென்னை விளக்குமாற்றால் கீறி விட்டார்கள்.

பங்குனி உத்திரம் வந்தது. "நீங்க இங்கனயே இருங்கண்ணே. பின்னால வந்தா உங்க கை சும்மா இருக்காது" என்று புளியமரத்தடியிலேயே உக்கிரபாண்டியை நிறுத்திவிட்டாள்.

"அப்போ செருப்புக்கு யாரு காவல்?" என்றான் ஜெயபாண்டி.

"போலீசே காவல் இருக்கையில எவன் எடுப்பான்?"

ஒவ்வொரு வளைவிலும் நின்று, மூச்சு வாங்கி, ஏறினாள். மேலே எல்லைக்கல் வந்தது. அந்தக் கல்லைத் தாண்டிச் செருப்புக்கால் போகக்கூடாது. அங்கே அவள் கை நின்றுவிட்டது. இதை யாருமே யோசித்திருக்கவில்லை.

பூசாரி குருசாமி, "என்னத்தா நின்னுட்ட?" என்றார்.

"எம்புட்டுக் காலம் செருப்புக்குக் காவல் இருந்தவ நான். இந்தச் சக்கரம் தெருவுல கிடந்த அசிங்கத்துல எல்லாம் உருண்டது. சாமி எல்லைக்குள்ள எப்படி விட?"

"இறங்கு, ரெண்டு பேரு தூக்கிருதோம்" என்றது ஒரு குரல்.

"அதுக்கா இம்புட்டுத் தூரம் வந்தேன்?" அவள் குரல் இறங்கிப்போனது. வண்டியைத் திருப்பக் கை வைத்தாள்.

குருசாமி அவள் பக்கம் வந்தார். பொங்கலுக்குத் தண்ணீர் எடுத்து வந்த பாண்டிசெல்வியின் இடுப்பில் இருந்து குடத்தை வாங்கித் தன் காலில் கொஞ்சம் ஊற்றிக்கொண்டார். மிச்சத்தை மூன்று சக்கரத்திலும் நிதானமாக ஊற்றினார்.

"என் காலு மட்டும் தெருவுல நடக்காமலா வந்துச்சு? உள்ள வா தாயி."

முத்துப்பேச்சி ஈரச் சக்கரத்தோடு கல்லைத் தாண்டினாள். அப்பா தோளில் இருந்து பார்த்தபோது அய்யனாரின் மண்குதிரைக் கண் அவளுக்கு நேராக இருந்தது. இப்போது குளம்பு நேராக இருந்தது. அதைத் தொட்டுக் கண்ணில் ஒற்றிக்கொண்டாள்.

எல்லைக்கல் பக்கம் இப்போது பாதையையே கொஞ்சம் பள்ளமாக்கி, மலைமேல் இருந்தே வாய்க்கால் வெட்டி ஓடைத் தண்ணீரைத் திருப்பி விட்டிருக்கிறார்கள். காலும் சக்கரமும் அதில் நனைந்துதான் உள்ளே போகின்றன.

அன்றைக்கு அவள் வளைந்து வளைந்து இறங்கி வந்தபோது, உக்கிரபாண்டி செருப்புகளுக்கு நடுவில் தரையில் உட்கார்ந்திருந்தார்.

"அண்ணே, செத்த குனிங்க" என்று, உள்ளங்கையில் மூடிக் கொண்டுவந்த திருநீற்றை அவர் நெற்றியில் பூசினாள்.